ஊராட்சித் தேர்தல்: திண்ணைக்கு வந்த கேள்விகளும் என் பதில்களும்

ஊராட்சிச் செயலராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். தேர்தல் வரப்போகிறது என்று ஒரு வதந்தி கிளம்பினால் போதும், என் வீட்டுத் திண்ணை நிரம்பிவிடும். ஆட்கள் மாறுகிறார்கள், கேள்விகள் மாறுவதில்லை. சொல்லிச் சொல்லி வாய் வலித்ததால் எழுதி வைக்கிறேன். கேட்டவர்களின் பெயரைப் போடவில்லை. எந்தக் கேள்வி யாருடையது என்று ஊருக்கே தெரியும். விதிகள் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 1994-ஐ ஒட்டியவை. அந்த விதிகளுக்கு ஊர் எழுதிய உரையையும் ஆங்காங்கே சேர்த்திருக்கிறேன்.

1. அண்ணே, உள்ளே போனதும் நான்கு சீட்டைக் கையில் திணிக்கிறார்கள். எது யாருக்கு?

வெள்ளை, கிராம ஊராட்சி வார்டு உறுப்பினருக்கு. இளஞ்சிவப்பு, ஊராட்சித் தலைவருக்கு. பச்சை, ஊராட்சி ஒன்றிய வார்டு உறுப்பினருக்கு. மஞ்சள், மாவட்ட ஊராட்சி வார்டு உறுப்பினருக்கு. ஒவ்வொன்றிலும் ஒரே ஒரு முத்திரை. அண்ணன், தம்பி இருவருமே நிற்கிறார்கள், யார் மனமும் நோகக்கூடாது என்று இரண்டு பேருக்கும் குத்தினால் யார் மனமும் நோகாது, ஓட்டுதான் செல்லாது.

ஊரின் கணக்கில் வெள்ளைச் சீட்டு சொந்தபந்தத்துக்கு, பச்சை கட்சிக்கு, இளஞ்சிவப்பு சண்டைக்கு. மஞ்சள் சீட்டில் நிற்பவர்கள் யார் என்று வாக்குச்சாவடி வாசலில் நிற்கும் காவலரிடம் விசாரித்தவர்களை நானே பார்த்திருக்கிறேன்.

2. தலைவர் சீட்டில் என் கட்சிச் சின்னத்தைக் காணவில்லையே, அச்சடிக்க மறந்துவிட்டார்களா?

மறக்கவில்லை. கிராம ஊராட்சித் தலைவருக்கும் வார்டு உறுப்பினருக்கும் நடப்பது கட்சி சார்பற்ற தேர்தல். பூட்டு சாவி, ஆட்டோ போன்ற சின்னங்களில் ஒன்று கிடைக்கும். பச்சையிலும் மஞ்சளிலும்தான் கட்சிச் சின்னம் இருக்கும். நடத்துவது மாநிலத் தேர்தல் ஆணையம். புகார் எழுதுகிறவர்கள் டெல்லிக்குத் தபால்தலை ஒட்ட வேண்டாம்.

வேட்பாளரின் வேட்டிக்கரை, துண்டு, வண்டியில் பறக்கும் கொடி, வீட்டு வாசலில் மாட்டிய படம் எல்லாம் ஒரு கட்சி. சின்னம் மட்டும் பூட்டு சாவி. வென்ற மறுநாள் காலையில் ஆளும் கட்சிப் பிரமுகர் வீட்டு வாசலில் சால்வையோடு முதல் ஆளாக நிற்பவரும் இந்தச் சார்பற்றவர்தான்.

3. தலைவருக்கு நிற்க என்ன படித்திருக்க வேண்டும்?

எதுவும் வேண்டாம். 21 வயது நிறைந்திருக்க வேண்டும், அந்த ஊராட்சியின் வாக்காளர் பட்டியலில் பெயர் இருக்க வேண்டும். சட்டமன்றத்துக்கு 25 வயது கேட்கும் நாடு, ஊராட்சிக்கு நான்கு வயதைத் தள்ளுபடி செய்திருக்கிறது. மேல்வரம்பு கிடையாது. 2021-ல் திருநெல்வேலி மாவட்டம் சிவந்திப்பட்டியில் 90 வயது மூதாட்டி ஒருவர் தலைவராக வென்றார்.

அரசு ஊழியராக இருக்கக்கூடாது. ஊராட்சியோடு ஒப்பந்தம் வைத்திருக்கக்கூடாது. ஊராட்சிக்குக் கட்ட வேண்டிய வரியில் பாக்கி இருக்கக்கூடாது. இந்தக் கடைசி விதியை எழுதியவருக்குக் கோயில் கட்டலாம். ஐந்து ஆண்டுகளாக வீட்டு வரி கேட்டுப் போனால் நாயை அவிழ்த்துவிட்டவர்கள், மனுத்தாக்கல் வாரத்தில் வரிசையில் நின்று ரசீது வாங்குவார்கள். எதிரியின் பாக்கியை விசாரிக்க வருகிறவர்கள் தனி வரிசை. ஒப்பந்த விதி அந்த அளவுக்குப் பலன் தரவில்லை. ஒப்பந்தங்கள் பெரும்பாலும் மைத்துனர் பெயரில் இருக்கின்றன. மைத்துனரைப் பற்றி யோசித்த சட்டம் ஒன்று இருந்தது, அதற்கு 13-ஆம் பதிலைப் பார்க்கவும்.

4. டெபாசிட் எவ்வளவு, மொத்தச் செலவு எவ்வளவு ஆகும்?

2019 தேர்தலில் டெபாசிட் வார்டு உறுப்பினருக்கு 200 ரூபாய், தலைவருக்கும் ஒன்றிய வார்டு உறுப்பினருக்கும் 600, மாவட்ட வார்டு உறுப்பினருக்கு 1,000. ஆதிதிராவிடர், பழங்குடியினருக்கு அதில் பாதி. செலவுக்கும் உச்சவரம்பு இருந்தது. வார்டு உறுப்பினர் 9,000, தலைவர் 34,000, ஒன்றியம் 85,000, மாவட்டம் 1,70,000 ரூபாய். முடிவு வந்த பிறகு 30 நாட்களுக்குள் கணக்குக் காட்ட வேண்டும். காட்டத் தவறினால் மூன்று ஆண்டுகள் போட்டியிடத் தடை வரலாம். புது அறிவிப்பு வரும்போது தொகைகளைச் சரிபார்த்துக்கொள்ளவும்.

தலைவர் வேட்பாளர்கள் கொடுக்கும் கணக்குகளைப் படிப்பது எனக்குப் பிடித்த பொழுதுபோக்கு. துண்டறிக்கை, ஆட்டோ வாடகை, தேநீர். தேநீர் இல்லாத கணக்கே கிடையாது. கூட்டினால் 34,000-ஐத் தொடாமல் சில நூறு ரூபாய் முன்னால் நின்றுவிடும். தெருவெல்லாம் மூன்று வாரம் அடுப்பெரிந்த தேர்தலை இவ்வளவு சிக்கனமாக நடத்தியவர்கள், தலைவரான பிறகு நான்கு தெருவிளக்கு மாற்றுவதற்குப் பட்ஜெட் போதவில்லை என்பார்கள்.

5. மாமா, சம்பளம் ஒன்றுமில்லை என்கிறார்கள். அப்புறம் எதற்கு இந்த அடிதடி?

சம்பளம் இல்லை, மதிப்பூதியம் உண்டு. அதைக் காட்டி யாரிடமும் கடன் வாங்க முடியாது. ஆனால் ஊராட்சிக்குப் பணம் வருகிறது. வீட்டு வரி, தொழில் வரி, குடிநீர்க் கட்டணம், மாநில நிதிக்குழு மானியம், மத்திய நிதிக்குழு மானியம், அதற்கு மேல் திட்டப் பணிகள். செலவாகும் இடங்களும் ஊருக்குத் தெரிந்தவைதான். மோட்டார் பழுது, குழாய் உடைப்பு, தெருவிளக்கு, பிளீச்சிங் பவுடர். மோட்டார் அடிக்கடி பழுதாகும் ஊராட்சியில் மோட்டாரைக் குறை சொல்லக்கூடாது.

எல்லோரும் போட்டதை எடுக்கவே வருகிறார்கள் என்றும் சொல்ல மாட்டேன். நின்று வென்று, வயலை விற்றுக் கடனை அடைத்தவர்களை எனக்குத் தெரியும். அவர்கள் வாங்கியது வேறு. திருவிழாவில் முதல் மரியாதை, காவல் நிலையத்தில் உட்கார நாற்காலி, கல்யாணப் பத்திரிகையில் பெயருக்குக் கீழே ஒரு வரி. பதவி போன பிறகும் ‘முன்னாள்’ என்று அந்த வரி நீடிக்கும். பங்காளிக்கு அந்த வரி இல்லை என்பதில் இருக்கும் இன்பத்தைத் தணிக்கை அறிக்கையில் காட்ட முடியாது.

6. துணைத் தலைவருக்கு நாங்கள் ஓட்டே போடவில்லையே, அவர் எங்கிருந்து வந்தார்?

வார்டு உறுப்பினர்கள் தங்களுக்குள் ஒருவரைத் தேர்ந்தெடுக்கிறார்கள். மறைமுகத் தேர்தல் என்பது சட்டத்தின் சொல். அதை ஊர் அப்படியே எடுத்துக்கொண்டு, தேர்தல் முடியும்வரை உறுப்பினர்களை எங்காவது மறைத்து வைக்கிறது. வெள்ளைச் சீட்டில் வென்ற உறுப்பினருக்கு அதுவரை இல்லாத பக்தி திடீரென்று வந்து, ஒரு வேனில் கோயில் கோயிலாகச் சுற்றிவிட்டு, வாக்கெடுப்பு நடக்கும் நாள் காலையில் நேராக ஊராட்சி அலுவலக வாசலில் இறங்குவார். செலவு யாருடையது என்று கேட்டால், வேண்டுதல் என்பார்.

இவ்வளவு பாடு எதற்கு என்றால், ஊராட்சிப் பணத்தை எடுக்கத் தலைவரோடு துணைத் தலைவரின் ஒப்புதலும் வேண்டும். காசோலைக் காலத்தில் இரண்டு கையெழுத்து, இப்போது இரண்டு டிஜிட்டல் கையொப்பம். ஒருவர் தவறு செய்தால் மற்றவர் தடுப்பார் என்று எண்ணிச் செய்த ஏற்பாடு இது. இருவருக்கும் பகை என்றால் வேலை நிற்கிறது. இருவரும் ஒற்றுமை என்றால் நாம் கவலைப்பட வேண்டியிருக்கிறது.

7. பதவியை ஏலம் விட்டால் என்ன தப்பு? பணம் கோயிலுக்குத்தானே போகிறது?

தேர்தலுக்குத் தேர்தல் யாராவது ஒருவர் குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்கும் கேள்வி. 2019 டிசம்பரில் பல மாவட்டங்களில் இப்படி ஏலம் நடந்ததாகச் செய்திகள் வந்தன. மாநிலத் தேர்தல் ஆணையமும் ஆட்சியர்களும் குற்ற நடவடிக்கை வரும் என்று எச்சரித்தார்கள். ஓட்டுக்குக் கைமாறு கொடுப்பது லஞ்சம். அதை வீடு வீடாகக் கொடுத்தால் சில்லறை வியாபாரம், மைக் கட்டி ஊர் நடுவில் கொடுத்தால் மொத்த வியாபாரம். கோபுரத்துக்கு வர்ணம் பூசியதால் இரண்டாவது புனிதமாகிவிடாது.

ஏலக்காரர்களிடம் நான் கேட்பது இதைத்தான். அந்தக் கூட்டத்தில் எத்தனை பெண்கள் இருந்தார்கள்? காலனியிலிருந்து யாரை அழைத்தீர்கள்? பட்டியலில் பெயர் இருக்கும் பாதிப் பேரைக் கேட்காமல் அவர்கள் ஓட்டையும் சேர்த்து விற்றிருக்கிறீர்கள். ஏலம் எடுத்தவரிடம் பிறகு போய்க் குடிநீர் வரவில்லை என்றால் என்ன சொல்வார்? அவர் விலையைக் கொடுத்துவிட்டார். உங்களுக்கு அவர் பதில் சொல்ல வேண்டிய பாக்கி எதுவும் இல்லை.

ஒரே ஒரு ஆள் துணிந்து இன்னொரு மனுவைப் போட்டால் ஏலம் முறிந்துவிடும். ஏலத்துக்கு மறுநாளே ‘ஊர்க் கட்டுப்பாடு’ என்று தண்டோரா வருவது அதனால்தான். கட்டுப்பாட்டை மீறினால் தண்ணீர் கிடையாது, பேச்சு கிடையாது என்று யாராவது மிரட்டினால் அது தனிக் குற்றம். அதையும் சேர்த்துப் புகார் எழுதுங்கள்.

8. அப்படியானால் போட்டியின்றித் தேர்ந்தெடுப்பதும் தப்பா?

தப்பில்லை. மனுவைத் திரும்பப் பெறும் நேரம் முடிந்த பிறகு ஒருவர் மட்டும் களத்தில் இருந்தால், அவர் வென்றதாக அதிகாரி அறிவிப்பார். 2019-ல் 18,000-க்கும் மேற்பட்ட பதவிகள் இப்படி நிரம்பின. அவற்றில் மிகப் பெரும்பாலானவை வெள்ளைச் சீட்டு. ஒரு வார்டில் இருப்பதே சில நூறு ஓட்டு, எல்லோரும் மாமன் மச்சான் என்றால் பேசி முடிப்பது இயல்புதான்.

பேசி முடித்ததா, விற்று முடித்ததா என்பதை மனுவைத் திரும்பப் பெற்றவரின் வீட்டைப் பார்த்துக் கண்டுபிடிக்கலாம். மனம் மாறியவர் வீட்டில் புதிதாக ஒன்றும் இருக்காது.

9. ஐயா, பணத்தை வாங்கிக்கொண்டு வேறு ஆளுக்குக் குத்தினால் பாவம் வருமா?

பாவத்துக்கு என்னிடம் சட்டப்புத்தகம் இல்லை. குற்றத்துக்கு இருக்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 170-ஆவது பிரிவின்படி ஓட்டுக்குக் கொடுப்பதும் லஞ்சம், வாங்குவதும் லஞ்சம். 173-ஆவது பிரிவின்படி ஓராண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். ஆனால் லஞ்சம் விருந்து வடிவத்தில் இருந்தால், அதாவது சாப்பாடு, பானம், கேளிக்கை என்றால், அபராதம் மட்டும்தான். 1920-ல் பழைய தண்டனைச் சட்டத்தில் நுழைந்த சலுகை இது; புதுச் சட்டத்திலும் சேதமில்லாமல் வந்து சேர்ந்திருக்கிறது. பிரியாணிக்கு இவ்வளவு நீண்ட சட்டப் பாதுகாப்பு இருப்பது நம் வேட்பாளர்கள் பலருக்குத் தெரியாது. தெரியாமலேயே சரியாக நடந்துகொள்கிறார்கள்.

கற்பூரத்தில் அடித்துச் சத்தியம் செய்துவிட்டேனே என்பதுதான் உங்கள் உண்மையான பயம் என்று எனக்குத் தெரியும். ஓட்டை மாற்றிப் போட்டால் தெய்வக் கோபத்துக்கு ஆளாவாய் என்று ஒருவரை நம்பவைப்பதும் தேர்தல் குற்றம். தகாத செல்வாக்கு என்ற தலைப்பில் அதே சட்டத்தில் இருக்கிறது. ஆகவே சத்தியம் வாங்கியவர்தான் முதலில் பயப்பட வேண்டும். மாற்றிக் குத்தியதால் உங்கள் மேல் வழக்கு வராது. வாங்கியதற்கு வரலாம்.

10. யாருக்குப் போட்டேன் என்று கண்டுபிடித்துவிடுவார்களாமே?

சீட்டில் உங்கள் பெயர் இல்லை. மறைப்புக்குள் முத்திரை குத்தி, மடித்துப் பெட்டியில் போடுகிறீர்கள். மடித்த சீட்டை யாருக்காவது விரித்துக் காட்டினால்தான் தெரியும். காட்டாதீர்கள்.

ஆனால் உங்கள் பயம் முழுப் பொய்யும் அல்ல. வார்டு சிறியது, எண்ணிக்கை வார்டுவாரியாக வெளியாகிறது. ‘உங்கள் தெருவில் எனக்கு 11 தான்’ என்று தோற்றவர் சொல்லும்போது, அந்தப் பதினொருவர் நாங்கள்தான் என்று முப்பது குடும்பம் சத்தியம் செய்யும். 2021 அக்டோபரில் கோயம்புத்தூர் மாவட்டத்தில் ஓர் ஊராட்சி வார்டு இடைத்தேர்தலில் ஒரு வேட்பாளர் ஒரே ஓர் ஓட்டு வாங்கியது நாடு முழுக்கச் சிரிப்பாகப் பரவியது. வீட்டில் இருப்பவர்கள்கூடப் போடவில்லை என்றார்கள். அவர் குடும்பத்துக்கு ஓட்டு இருந்தது வேறு வார்டில். சிரித்தவர்களில் எத்தனை பேர் அதை விசாரித்தார்கள்?

11. பெண்களுக்கு ஒதுக்கிவிட்டார்கள். என் வீட்டுக்காரியை நிறுத்திவிட்டு நான் பார்த்துக்கொள்ளலாம் அல்லவா?

ஒதுக்கீடு 50 விழுக்காடு. அதற்கான சட்டத்திருத்தம் 2016-ல் வந்தது. நிற்கட்டும், வெல்லட்டும். பிறகு நீங்கள் பார்த்துக்கொள்ள வேண்டியது வீட்டை. ஊராட்சிக் கூட்டத்தில் தலைவர் நாற்காலியில் நீங்கள் உட்கார முடியாது, கையொப்பமிட முடியாது, பணியாளர்களுக்கு உத்தரவு போட முடியாது. ‘தலைவரின் கணவர்’ என்ற பதவி சட்டத்தில் எந்தப் பிரிவிலும் இல்லை. வரவேற்பு பேனரில் மட்டும் இருக்கிறது. பேனரில் உங்கள் படம் பெரிதாகவும், தலைவரின் படம் அஞ்சல்தலை அளவிலும் இருப்பதால் பதவி இடம் மாறிவிடாது.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். முதல் ஆறு மாதம் கோப்பைக் கணவர் தூக்கிக்கொண்டு வருவார். கணக்கில் ஏதாவது கேள்வி வந்தால் நோட்டீஸ் யார் பெயருக்கு வரும் என்று நான் அந்த அம்மாவிடம் ஒருமுறை விளக்கிச் சொல்வேன். அடுத்த கூட்டத்துக்கு அவரே வந்து ஒவ்வொரு தாளாகப் படிப்பார். நான் வேலை பார்த்த காலத்தில் படிக்காமல் கையெழுத்துப் போட்டவர்களில் ஆண்களே அதிகம்.

12. எங்கள் ஊரைத் தனி ஊராட்சி ஆக்கிவிட்டார்கள். இதை எப்படி மாற்றுவது?

தனி ஊராட்சி என்றால் ஆதிதிராவிடருக்கோ பழங்குடியினருக்கோ ஒதுக்கிய ஊராட்சி. மாற்ற முடியாது, மாற்றவும் கூடாது. ஆதிதிராவிடருக்கும் பழங்குடியினருக்கும் மக்கள்தொகை விகிதப்படி இடம் ஒதுக்க வேண்டும் என்பது அரசியலமைப்பின் 243D உறுப்பு. சுழற்சியில் வரும், போகும்.

இந்தக் கேள்விக்கு வேடிக்கையாகப் பதில் சொல்ல எனக்கு வரவில்லை. மதுரை மாவட்டம் மேலவளவில், ஒதுக்கப்பட்ட இடத்தில் வென்ற தலைவர் முருகேசனும் அவரோடு ஐந்து பேரும் 1997 ஜூன் 30 அன்று வெட்டிக் கொல்லப்பட்டார்கள். பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம், கொட்டகச்சியேந்தல் ஆகிய நான்கு ஊராட்சிகளில் 1996 முதல் பத்து ஆண்டுகள் தேர்தலை நடத்தவே விடவில்லை. 2006-ல்தான் தலைவர்கள் முறையாகப் பொறுப்பேற்றார்கள். பழைய கதை என்கிறீர்களா? 2020-ல் கடலூர் மாவட்டம் தெற்குத்திட்டையில் தலைவரைத் தரையில் உட்காரவைத்துவிட்டு மற்றவர்கள் நாற்காலியில் அமர்ந்த படம் வெளிவந்தது.

பொது ஊராட்சியாக இருந்தபோது ஊரே ஒன்று என்று பேசியவர்கள், தனி ஊராட்சி ஆனதும் ‘நமக்குத் தேர்தலே வேண்டாம்’ என்கிறார்கள். வேண்டாதது தேர்தல் அல்ல என்பது கேட்பவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். யார் மனு போட வேண்டும் என்பதை மனு போடுகிறவர்கள் முடிவு செய்துகொள்வார்கள்.

13. இருவருக்கும் சம ஓட்டு வந்தால்? குடவோலை கண்ட நாட்டில் மறுபடியும் குலுக்கல்தானா?

ஆம், குலுக்கல்தான். சீட்டில் பெயர் எழுதிப் போட்டு ஒன்றை எடுப்பார்கள். மூன்று வாரம் ஆடிய ஆட்டமெல்லாம் ஒரு டப்பாவுக்குள் முடிந்துவிடும்.

குடவோலையைப் பெருமையோடு சொல்கிறவர்கள் உத்திரமேரூர்க் கல்வெட்டை ஒருமுறை முழுதாகப் படிக்க வேண்டும். முதலாம் பராந்தக சோழன் காலத்தில், 919, 921 ஆம் ஆண்டுகளில் வெட்டியவை. 30 குடும்புகள், அதாவது ஊரின் பிரிவுகள். வயது 35-க்கு மேல், 70-க்குள். வரி கட்டும் கால் வேலி நிலமும் சொந்த மனையில் வீடும் வேண்டும். முந்தைய மூன்று ஆண்டுகளுக்குள் வாரியத்தில், அதாவது சபையின் குழுவில், இருந்தவர் கூடாது. கணக்குக் காட்டாதவர் கூடாது. அதோடு நிற்காமல் அவருடைய நெருங்கிய உறவினர்களையும் வரிசையாகச் சொல்லித் தள்ளுகிறது. பெண்களுக்கு அதில் இடமில்லை; அது பிராமணர்களின் சபை. அதை அப்படியே திரும்பக் கொண்டுவரச் சொல்கிறவர்களை நான் ஆதரிக்கவில்லை. உறவினர் பட்டியலை மட்டும் கொண்டுவந்தால் நம் ஒன்றியத்தில் மனுப் போட எத்தனை பேர் மிஞ்சுவார்கள் என்று பார்க்க ஆசை.

14. பத்து ஓட்டில் தோற்றேன், ஏதோ சூழ்ச்சி நடந்திருக்கிறது. என்ன செய்யலாம்?

மறு எண்ணிக்கையை முடிவு அறிவிக்கும் முன்பே எழுத்தில் கேட்க வேண்டும். வீட்டுக்கு வந்து தூங்கி எழுந்து கேட்டால் நடக்காது. அறிவித்த பிறகு ஒரே வழி தேர்தல் வழக்கு. முடிவு வெளியான 45 நாட்களுக்குள் மாவட்ட நீதிமன்றத்தில் போட வேண்டும்.

வழக்குக்குச் சான்று வேண்டும். ‘என் தெருவில் மட்டும் எனக்கு நூறு ஓட்டு இருக்கிறது, கற்பூரம் அடித்தார்கள்’ என்பது சான்று அல்ல. 9-ஆம் பதிலைப் பார்த்தால் அது உங்களுக்கு எதிரான சான்று.

15. ஐந்து ஆண்டுக்கு ஒருமுறை என்கிறார்கள், தேர்தல் ஏன் நேரத்துக்கு வருவதில்லை?

அரசியலமைப்பின் 243E உறுப்பு, ஐந்து ஆண்டு முடியும் முன் அடுத்த தேர்தல் நடந்திருக்க வேண்டும் என்கிறது. 1996, 2001, 2006, 2011 என்று அக்டோபர் தோறும் ஒழுங்காக நடந்தது. 2016 அக்டோபரில் நடக்க வேண்டியதன் அறிவிக்கையைச் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. பிறகு நடந்தது 2019 டிசம்பர் 27, 30 தேதிகளில், 27 மாவட்டங்களில் மட்டும். எஞ்சிய 9 மாவட்டங்களுக்கு 2021 அக்டோபர். 2019-ல் வந்தவர்களின் காலம் 2025 ஜனவரி 5-ல் முடிந்தது. தலைவர்களுக்குப் பதிலாக அரசு நியமித்த தனி அலுவலர்கள் வந்தார்கள்.

வார்டு மறுவரையறை, இட ஒதுக்கீடு, வழக்கு என்று காரணங்கள் எப்போதும் தயாராக இருக்கும். எந்தக் கட்சி ஆண்டாலும் அவை குறைவதில்லை. தனி அலுவலர் நல்லவராகவே இருக்கலாம். ஆனால் அவர் வீடு எங்கே இருக்கிறது என்று ஊருக்குத் தெரியாது. தண்ணீர் வராத காலையில் குடத்தோடு போய் நிற்க ஒரு வாசல் வேண்டுமே.

16. கிராம சபைக்குக் கையெழுத்துக் கேட்டு வீட்டுக்கே வந்தார்கள். போட்டுவிடலாமா?

போடாதீர்கள். கிராம சபை என்பது ஊராட்சியின் வாக்காளர்கள் எல்லோரும் உறுப்பினராக உள்ள மன்றம். ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 என்று நான்காக இருந்தது. பிறகு மார்ச் 22, நவம்பர் 1 சேர்ந்து ஆண்டுக்கு ஆறு. 500 பேர் வரை உள்ள ஊராட்சியில் 50 பேர், 3,000 வரை 100, 10,000 வரை 200, அதற்கு மேல் 300 பேர் வர வேண்டும். அந்த எண்ணிக்கையைக் காட்டத்தான் புத்தகம் உங்கள் வீட்டுக்கு வருகிறது. நீங்கள் போடும் கையெழுத்து, படிக்காத வரவு செலவுக்கு நீங்கள் தரும் ஒப்புதல்.

இங்கே வரவு செலவை வாசிக்க வேண்டும், பயனாளிப் பட்டியலை வாசிக்க வேண்டும், அடுத்த பணிகளை முடிவு செய்ய வேண்டும். கேள்வி கேட்க டெபாசிட் வேண்டாம், சின்னம் வேண்டாம். ஓட்டு நாளன்று சென்னையிலிருந்து இரவு பஸ் பிடித்து வருகிற இளைஞர்கள், ஆகஸ்ட் 15 அன்று ஊரில் இருந்தும் கிரிக்கெட் ஆடுகிறார்கள். கூட்டத்துக்கு வருவது நூறு நாள் வேலைப் பெண்களும், பந்தல் போட்டவரும், பந்தல் வாடகைக்காகக் காத்திருப்பவரும். அந்தப் பெண்களில் ஒருவர் எழுந்து, ‘போன சபையில் போட்ட தீர்மானம் என்ன ஆனது?’ என்று கேட்டால் மேடையில் தண்ணீர் பாட்டில் தேடுவார்கள். தேர்தலில் எவ்வளவு கொடுத்தாலும் அவ்வளவு பெரிய கலவரத்தை உண்டாக்க முடியாது.

17. பிடிக்காத தலைவரை நடுவில் இறக்க முடியுமா?

வாக்காளர்கள் திருப்பி அழைக்க வழியில்லை. சட்டத்தின் 205-ஆவது பிரிவின்படி, அதிகாரத்தைத் தவறாகப் பயன்படுத்தியதாகத் தெரிந்தால் மாவட்ட ஆட்சியர் விளக்கம் கேட்பார். விளக்கம் போதாவிட்டால் வட்டாட்சியர் ஊராட்சி உறுப்பினர்களைக் கூட்டிக் கருத்தைப் பதிவு செய்வார். பிறகு ஆட்சியர் முடிவெடுப்பார். துணைத் தலைவர் மேல் உறுப்பினர்களே நம்பிக்கையில்லாத் தீர்மானம் கொண்டுவரலாம். அப்போது 6-ஆம் பதிலில் சொன்ன வேன் மறுபடியும் புறப்படும்.

‘பிடிக்கவில்லை’ என்பது காரணம் ஆகாது. உங்கள் மகள் கல்யாணத்துக்கு வரவில்லை என்பதும் ஆகாது.

18. எங்கள் தெரு தோற்றவருக்கு ஓட்டுப் போட்ட தெரு. ஐந்து ஆண்டும் இருட்டில்தான் இருக்க வேண்டுமா?

வேண்டாம். தெருவிளக்கு, குடிநீர், வடிகால், சாலை, மயானம் ஆகியவை ஊராட்சி கட்டாயம் செய்ய வேண்டிய கடமைகள் என்று 110-ஆவது பிரிவு சொல்கிறது. வெற்றி பெற்ற தெருவுக்கு மட்டும் என்று அதில் இல்லை. 

மனுவை இரண்டு படி எழுதுங்கள். ஒன்றைக் கொடுத்து, மற்றதில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். அடுத்த கிராம சபையில் அதைத் தீர்மானமாக எழுதச் சொல்லி எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். நடக்கவில்லை என்றால் வட்டார வளர்ச்சி அலுவலர், அதன் பிறகு திங்கட்கிழமை ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் மக்கள் குறைதீர்க்கும் நாள். விளக்கு வாங்கிய செலவுக் கணக்கைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டணத்தோடு கேட்கலாம். 30 நாளில் பதில் தர வேண்டும். பெரும்பாலும் அந்தக் கடிதம் போன வாரத்திலேயே ஏணியோடு ஆள் வந்துவிடும்.

மனுவில் நீங்கள் எந்தக் கட்சி, போன தேர்தலில் யார் பக்கம், தலைவரின் தாத்தா உங்கள் தாத்தாவின் வரப்பை வெட்டியது எதையும் எழுத வேண்டாம். மின்கம்பத்தின் எண்ணை மட்டும் தெளிவாக எழுதுங்கள்.